முப்பது நாள் கணக்கு: டர்பனில் வேலைநீக்க வழக்கு நடக்கும் விதம்

தென்னாப்பிரிக்காவின் டர்பன் நகரில் சாட்ஸ்வொர்த், பீனிக்ஸ் பக்கத்துக் குடும்பங்கள் பிழைக்கிற தையல் ஆலைகளில் மொத்தமாக ஆட்களை நிறுத்தினால், முதலில் எழும் கேள்வி "கோர்ட்டுக்குப் போகலாமா?" என்பதுதான். வேலைநீக்க வழக்கோடு நேரே லேபர் கோர்ட்டுக்குப் போக முடியாது. 1995ஆம் ஆண்டுத் தொழிலுறவுச் சட்டப்படி (எல்.ஆர்.ஏ.), முதலில் சமரசத்துக்குக் கொண்டுபோக வேண்டும். அதற்கான படிவம் எல்.ஆர்.ஏ. 7.11. வேலைநீக்கம் நடந்து 30 நாளுக்குள் அது போய்ச் சேர வேண்டும். சனி, ஞாயிறும் கணக்கில் சேரும்.

எங்கே கொடுப்பது என்பதில் பலர் தடுக்கி விழுகிறார்கள். அரசின் சமரச, நடுவர் ஆணையமான சி.சி.எம்.ஏ. எல்லோருக்கும் பொது என்று நினைத்துவிடுகிறார்கள். தையல், உலோகம் போன்ற தொழில்களுக்குத் தனியாகப் பேரக் கவுன்சில், அதாவது முதலாளிகளும் யூனியன்களும் சேர்ந்து நடத்தும் மன்றம், உண்டு. வழக்கு அங்கே போக வேண்டும். இடம் மாறிக் கொடுத்து, திரும்ப வந்து, மறுபடி கொடுப்பதற்குள் 30 நாள் ஓடிவிடும். பிறகு தாமத மன்னிப்பு மனு போட வேண்டும். "யூனியன் ஆபீஸில் தாமதமாகிவிட்டது" என்ற ஒற்றை வரி அதில் நிற்காது. எத்தனை நாள் தாமதம், ஏன், வழக்கில் ஜெயிக்க வாய்ப்பு என்ன என்று எல்லாவற்றையும் சொல்ல வேண்டும். முதலாளிக்குப் பிரதி அனுப்பிய ரசீதும் படிவத்தோடு போக வேண்டும்.

யூனியன் கொடுக்கும் வழக்கில் பெயர்ப்பட்டியல்தான் உயிர். முழுப்பெயர், அடையாள எண், கையெழுத்து என எல்லாவற்றையும் ஒவ்வொருவரிடமும் நேரில் வாங்குங்கள். ஷாப் ஸ்டூவர்ட் (ஆலையில் யூனியன் பிரதிநிதி) நினைவிலிருந்து எழுதும் பட்டியலில் நைட் ஷிப்ட் ஆட்கள் விடுபடுவார்கள். விடுபட்டவரைப் பிறகு சேர்ப்பது பெரும்பாடு.

சமரசம் முடியாவிட்டால் சர்டிபிகேட் தருவார்கள். அதில் எந்தக் கட்டத்தில் டிக் இருந்தாலும், வழக்கின் தன்மைதான் அடுத்த இடத்தை முடிவு செய்யும். ஒழுங்கீனம் என்று நீக்கினால் நடுவர் விசாரணை. பலரை ஆட்குறைப்புச் செய்தாலோ, வேலைநிறுத்தம் செய்ததற்காகவோ யூனியனில் இருந்ததற்காகவோ நீக்கினாலோ லேபர் கோர்ட். இரண்டுக்கும் கெடு 90 நாள். இழப்பீட்டு வரம்பு சாதாரணமாக 12 மாதச் சம்பளம். யூனியனில் இருந்ததற்காக நீக்கினால் 24 மாதம். வேலையே திரும்ப வேண்டும் என்றால் அதை முதல் படிவத்திலேயே தெளிவாக எழுதுங்கள்.

நடுவர் தீர்ப்பு பிடிக்காத தரப்பு ஆறு வாரத்துக்குள் லேபர் கோர்ட்டில் ரிவியூ கேட்கலாம். இது அப்பீல் இல்லை. 2007இல் சிடுமோ வழக்கில் அரசியல் சட்ட நீதிமன்றம் வகுத்த அளவுகோல்தான் இங்கே: நியாயமான எந்த நடுவரும் எட்ட முடியாத முடிவா என்று மட்டும் பார்ப்பார்கள். சாட்சியத்தைப் புதிதாக எடைபோட மாட்டார்கள்.

ரிவியூ கேட்டவர் விசாரணையின் ஒலிப்பதிவை எழுத்தாக்கித் தாக்கல் செய்ய வேண்டும், செலவும் அவருடையது. பதிவு வந்துவிட்டது என்று கோர்ட் பதிவாளர் தெரிவித்ததிலிருந்து 60 நாள். தவறினால் மனு வாபஸானதாகவே கொள்ளப்படும். எழுத்தாக்கியதில் முக்கியச் சாட்சியமே "கேட்கவில்லை, கேட்கவில்லை" என்று பக்கம் பக்கமாக வருவதுண்டு. அப்போது இரு தரப்பின் குறிப்புகளையும் வைத்துத்தான் அதைத் திரும்பக் கட்ட வேண்டும். ஆகவே விசாரணையில் ஒருவர் கேள்வி கேட்டால், பக்கத்திலிருப்பவர் நோட்டில் எழுதிக்கொண்டே இருக்கட்டும்.

ரிவியூ போட்டதாலேயே தீர்ப்பு நின்றுவிடாது. அதை நிறுத்திவைக்க, கோர்ட் வேறு விதமாகச் சொன்னாலொழிய, முதலாளி பிணைத்தொகை கட்ட வேண்டும். திரும்ப வேலை என்ற தீர்ப்பானால் அந்தப் பிணை 24 மாதச் சம்பளம். பல தொழிலாளிகள் இது தெரியாமல் வீட்டில் காத்திருக்கிறார்கள் என்பதே பெரிய வேதனை. தீர்ப்பில் சொன்ன தேதியில் எல்லோரும் ஆலை கேட்டுக்குப் போய் நில்லுங்கள். திருப்பி அனுப்பினால் தேதி, நேரம், அனுப்பியவர் பெயர் மூன்றையும் அங்கேயே எழுதிக் கையெழுத்திடுங்கள். தீர்ப்புக்குச் சான்று வாங்கிய பின் கோர்ட் அவமதிப்பு மனு போட அந்தத் தாள்தான் வேண்டும்.