சமாதானமாகித் திரும்பிப் போன பிறகு கொடுமையை நிரூபிப்பது: என் விவாகரத்து வழக்கின் அனுபவம்

இந்து திருமணச் சட்டம், 1955-இன் 13(1)(ஐஏ) பிரிவின்படி, கணவரின் கொடுமையைக் காரணமாகக் காட்டி நான் தொடுத்த வழக்கில் எங்கள் மாவட்டக் குடும்பநல நீதிமன்றம் எனக்கு விவாகரத்து வழங்கியிருக்கிறது. இருவரும் சம்மதித்துப் போடும் 13பி மனுவுக்கு அவர் கடைசி வரை இணங்காததால், காரணத்தை நிரூபிப்பதைத் தவிர எனக்கு வேறு வழி இருக்கவில்லை. உறவு மீட்க முடியாதபடி முறிந்துவிட்டது என்று சொன்னால் போதாதா என்று பலர் கேட்டார்கள். அது அந்தச் சட்டத்தில் தனிக் காரணமாக இல்லை. 2023-இல் ஷில்பா சைலேஷ் வழக்கில் அந்த அடிப்படையில் திருமணத்தைக் கலைக்கலாம் என்று கூறிய உச்ச நீதிமன்றமும், அரசியலமைப்பின் 142-ஆவது பிரிவு தனக்கு மட்டும் அளிக்கும் அதிகாரத்தைக் கொண்டே அவ்வாறு கூறியது.

நான்தான் வீட்டைவிட்டு வெளியேறினேன் என்பதைப் பிடித்துக்கொண்டு, காரணமின்றிப் பிரிந்து சென்றவள் நானே என்று அவர் எதிருரை போட்டார். சேர்ந்து வாழ உத்தரவிடக் கோரி 9-ஆவது பிரிவின்படி ஒரு மனுவும் தாக்கல் செய்தார். ஒருவரை வெளியேறும்படி செய்தவரே சட்டத்தின் பார்வையில் கைவிட்டவராகலாம் என்று என் வழக்கறிஞர் விளக்கினாலும், அந்தக் காரணத்துக்கு மனு போடும் நாளுக்கு முன் தொடர்ச்சியாக இரண்டு ஆண்டுகள் பிரிந்திருக்க வேண்டும். எங்களுக்கு அது நிறைவடையவில்லை. ஆகவே கொடுமை ஒன்றையே நம்பி நின்றோம்.

உண்மையான சிக்கல் வேறொன்றில் இருந்தது. முதல் முறை நான் தாய்வீட்டுக்கு வந்தபோது, இரு வீட்டுப் பெரியவர்களும் பேசிச் சமாதானம் செய்து என்னைத் திரும்ப அனுப்பிவைத்திருந்தார்கள். கொடுமையை மன்னித்து ஏற்றுக்கொண்டவருக்கு அதே கொடுமையைக் காட்டி விவாகரத்து கிடைக்காது என்பது 23-ஆவது பிரிவு. 1975-இல் தீர்ப்பான தஸ்தானே வழக்கில், மனைவியின் நடத்தை கொடுமைதான் என்று ஒப்புக்கொண்ட உச்ச நீதிமன்றம், கணவர் அதை மன்னித்து அவருடன் வாழ்ந்தார் என்பதற்காகவே அவருடைய கோரிக்கையை மறுத்தது. ஆனால் மன்னிப்பு நிபந்தனைக்கு உட்பட்டது என்பதையும், பின்னர் நடக்கும் தவறு பழைய கொடுமைக்கு மீண்டும் உயிர் கொடுக்கும் என்பதையும் அதே தீர்ப்பு சொல்கிறது. எங்கள் வழக்கு முழுவதும் அந்த இரண்டாவது கருத்தின் மீதே கட்டப்பட்டது.

ஆதலால், நான் திரும்பிப் போன பிறகு நடந்தவற்றைத் தேதி, இடம், உடனிருந்தவர் என்ற விவரங்களோடு மனுவில் எழுதினோம். அடிபட்டு அரசு மருத்துவமனைக்குச் சென்ற நாளின் புறநோயாளிச் சீட்டு, அனைத்து மகளிர் காவல் நிலையத்தில் கொடுத்த புகாரைப் பெற்றுக்கொண்டதற்கு அங்கே தந்த சி.எஸ்.ஆர். ரசீது, சம்பளத்தை முழுவதும் ஒப்படைத்தால்தான் வீட்டுக்குள் வரலாம் என்று அவர் அனுப்பிய வாட்ஸ்அப் செய்திகள் ஆகியவை ஆவணங்களாயின. செய்திகளைத் திரைப்பிடிப்பாக அச்சிட்டுக் கொடுத்தால் மட்டும் போதாது. 2024 ஜூலை 1 முதல் நடைமுறைக்கு வந்த புதிய சாட்சியச் சட்டமான பாரதிய சாட்சிய அதிநியத்தின் 63-ஆவது பிரிவு கேட்கும் சான்றிதழில் ஒரு பகுதியை நானும் மற்றொரு பகுதியை நிபுணர் ஒருவரும் கையெழுத்திட வேண்டியிருந்தது. அந்த மின்னணுப் பதிவின் ஹாஷ் மதிப்பையும், அதாவது பதிவு மாற்றப்பட்டதா என்று சரிபார்க்க உதவும் குறியீட்டையும், அதில் குறிப்பிட வேண்டும். ஆவணங்களைச் சான்றுப் பட்டியலில் ஏற்பதில் நீதிமன்றத்துக்குத் தாராளம் காட்ட இடமுண்டு என்றாலும், குறுக்கு விசாரணையில் இது கேள்வியாக வரும் என்று வழக்கறிஞர் முன்கூட்டியே செய்துவைத்தார். அவர் சொன்னபடியே வந்தது.

எல்லாவற்றையும்விட உதவியது பக்கத்து வீட்டு அக்காவின் சாட்சியம். இரவில் கதவைத் தாழிட்டு என்னை வெளியே நிறுத்தியபோது தன் வீட்டில் படுக்க வைத்தவர் அவர். உறவினர் சொன்னால் ஒருதலைப்பட்சம் என்பார்கள். எந்த லாபமும் இல்லாமல் நீதிமன்றப் படியேறிய ஒருவரின் பேச்சை அவ்வளவு எளிதாகத் தள்ள முடியாது. சட்டத்தின் 22-ஆவது பிரிவின்படி விசாரணை மூடிய அறையில் நடந்ததால் அவருடைய தயக்கமும் ஓரளவு தீர்ந்தது.

என் தரப்பை நானே சொல்லும் முதல் விசாரணை, எழுத்தில் பிரமாண வாக்குமூலமாகத் தாக்கலானது. அதில் பேச எதுவும் இல்லை. குறுக்கு விசாரணைதான் நீண்டது. சமாதானமாகிப் போய் ஒரே வீட்டில் வாழ்ந்தது உண்மைதானே என்று எதிர்த்தரப்பு வழக்கறிஞர் வெவ்வேறு விதமாகக் கேட்டார். உண்மைதான் என்றேன், இனி கை நீட்டமாட்டேன் என்று பெரியவர்கள் முன் கணவர் சொன்னதை நம்பிப் போனேன் என்றும், அடுத்து நடந்தது மருத்துவமனைச் சீட்டில் இருக்கிறது என்றும் சொன்னேன். அந்தப் பதிலைத் தீர்ப்பில் நீதிபதி அப்படியே எடுத்துக்காட்டியிருக்கிறார். குற்ற வழக்கைப் போல ஐயத்துக்கு இடமின்றி நிரூபிக்கத் தேவையில்லை, எது நடந்திருக்க வாய்ப்பு அதிகம் என்று பார்த்தாலே போதும் என்ற தஸ்தானே வழக்கின் அளவுகோலையே அவர் பின்பற்றினார்.

சேர்ந்து வாழக் கோரிய கணவருடைய மனு அதே தீர்ப்பில் தள்ளுபடியானது. 25-ஆவது பிரிவின்படி நிரந்தர ஜீவனாம்சம் கேட்டு நான் போட்டிருக்கும் மனு இன்னும் விசாரணையில் இருக்கிறது.