மங்கிய கல்லறை எழுத்தை வெயிலை வைத்துப் படித்தல்: ஏற்காட்டிலிருந்து பழவேற்காடு வரை

ஐப்பசியில் தொடங்கி மாசி வரை நடக்கும் வேலையின் பதிவு இது. கோவை, ஈரோடு, சேலம், ஏற்காடு பக்கத்துப் பழைய ஐரோப்பியக் கல்லறைத் தோட்டங்களில் எழுத்து மங்கிய கற்களைப் படித்து, படமெடுத்து, எழுதி வைப்பதுதான் வேலை. அதே முறை பழவேற்காடு, சதுரங்கப்பட்டினம், தரங்கம்பாடி போன்ற கடலோரக் கற்களுக்கும் ஒத்துவருமா என்று பார்ப்பது இரண்டாம் பாகம். இதுவரை புதிதாகப் படிக்க முடிந்த எழுத்துகள் பெரும்பாலும் வெளிச்சத்தைச் சாய்த்ததால் கிடைத்தவை. தேய்த்துக் கிடைத்தது ஒன்றுகூட இல்லை.

வெயில் எப்போது கல்லைத் தொடுகிறது

கிறிஸ்தவக் கல்லறையில் வழக்கமாகத் தலை மேற்கே, கால் கிழக்கே. தலைமாட்டுக் கல் மேற்கு முனையில் நிற்கும். எழுத்து பெரும்பாலும் கிழக்கைப் பார்த்திருக்கும். காலை எட்டு மணிக்குப் போனால் வெயில் கல்லின் முகத்தில் நேராக அடிக்கும். வெட்டுக்குள் நிழல் விழாது, கல் வெறும் பலகையாகத் தெரியும். எழுத்தே இல்லை என்று பலர் எழுதிவிட்டுப் போவது இந்த நேரத்தில்தான்.

கிழக்குப் பார்த்த கல்லுக்குச் சரியான நேரம் உச்சிப்பொழுதுக்கு முந்தைய அரை மணி. அப்போது வெயில் கல்லின் முகத்தை உரசிக்கொண்டு போகும். உச்சிக்கு 40 நிமிடம் முன்னால் கதிர் கல்முகத்தோடு சுமார் 10 பாகை சாய்வில் இருக்கும்; 10 நிமிடம் முன்னால் இரண்டரைப் பாகை. அரை மில்லிமீட்டர் பள்ளம்கூட இந்த இடைவெளியில் கருப்புக் கோடாக எழுந்து வரும்.

ஆனால் உச்சி என்பது கடிகாரத்துப் 12 மணி அல்ல. நம் கடிகாரம் 82.5 பாகைத் தீர்க்கரேகையை வைத்து ஓடுகிறது. கோவை கிட்டத்தட்ட 77 பாகையில் இருக்கிறது, ஒரு பாகைக்கு 4 நிமிடம் என்றால் 22 நிமிடம் பிந்தும். அதனால் கோவைக்குச் சராசரி உச்சி 12.22. அதிலும் நவம்பர் தொடக்கத்தில் 16 நிமிடம் முந்தி 12.06-க்கே வந்துவிடும்; பிப்ரவரி நடுவில் 14 நிமிடம் பிந்தி 12.36 ஆகும். பழவேற்காட்டுக்குச் சராசரி 12.09. கோவைக் கணக்கோடு கடற்கரைக்குப் போனால் உச்சி தாண்டி, கல் முழுதாக நிழலுக்குள் போயிருக்கும். முதல் கடற்கரைப் பயணத்தில் நின்ற கற்கள் கைவிட்டுப் போனது இந்தப் பிழையால்தான்.

மாதமும் முக்கியம். சித்திரை முதல் வாரத்திலும் ஆவணி இரண்டாம் வாரத்தையொட்டியும் நம் பக்கம் சூரியன் உச்சந்தலைக்கு மேலே வரும். வெளிச்சம் கல்லில் மேலிருந்து செங்குத்தாக இறங்கும்போது, அதே திசையில் வெட்டிய செங்குத்துக் கோடுகளுக்கு நிழல் கிடையாது. ஆங்கில 'ஈ', 'எஃப்' எழுத்துகளின் குறுக்குக் கோடுகள் பளிச்சென்று தெரியும். 'ஐ' எழுத்தும் '1' என்ற எண்ணும் காணாமல் போகும். 1811 என்பது வெறும் 8 ஆகத் தெரியும். மார்கழியில் சூரியன் தெற்கே சாய்ந்து 55 பாகை உயரத்தில் நிற்பதால் நெட்டும் குறுக்கும் இரண்டுமே நிழல் கொடுக்கும். ஆனி, ஆடியில் சூரியன் வடக்கே சாய்ந்திருந்தாலும் பாலக்காட்டுக் கணவாய்க் காற்று வேலை செய்ய விடாது: தாள் பறக்கும், கேமராத் தாங்கி ஆடும், மேகம் நொடிக்கொரு தரம் மாறும். ஆகவே கொங்குப் பகுதிக்கு வேலைக்காலம் ஐப்பசிக் கடைசியிலிருந்து மாசி வரை.

தரையில் படுத்திருக்கும் பலகைக் கல்லுக்கு இந்தக் கணக்கு வேண்டாம். சூரியன் உதித்த முதல் 40 நிமிடம், மறையும் முன் 40 நிமிடம், அவ்வளவுதான்.

நிழலில் நிற்கும் கல்லுக்கு

மரத்தடிக் கல், வடக்குப் பார்த்த கல் இவற்றுக்குக் கண்ணாடிக் கடையில் வெட்டிய 2 அடிக்கு 1 அடி முகம்பார்க்கும் கண்ணாடி போதும். ஓரத்தில் நாடா ஒட்டிக்கொள்ளுங்கள். 4, 5 மீட்டர் தள்ளி வெயிலில் ஒருவர் நின்று, கல்லின் பக்கவாட்டிலிருந்து ஒளியை உரசவிட வேண்டும். இடமிருந்து ஒரு படம், வலமிருந்து ஒன்று, மேலிருந்து ஒன்று. மூன்றுக்குக் குறைந்தால் கோட்டையும் கீறலையும் பிரிக்க முடியாது. பிளாஸ்டிக் கண்ணாடி வளைந்து ஒளியைத் திட்டுத்திட்டாகச் சிதறடிக்கிறது, வாங்க வேண்டாம். இன்னொரு வழி, கருப்புப் போர்வையைக் கூடாரம் போலப் பிடித்து உள்ளே கைவிளக்கைக் கல்லோடு ஒட்டிப் பிடிப்பது. இரண்டு பேர் வேண்டும், புழுக்கமாக இருக்கும், ஆனால் பலன் உறுதி.

கருங்கல்லில் தண்ணீரும் உதவும். தெளிப்பான் பாட்டிலால் கல்லை நனைத்துவிட்டுக் காத்திருங்கள். மேற்பரப்பு உலர்ந்த பிறகும் வெட்டுக்குள் ஈரம் நிற்பதால் எழுத்து கருப்பாகத் தெரியும். காற்று இல்லாத நாளில் மூன்று நான்கு நிமிடம் கிடைக்கும். சுண்ணாம்புப் பூச்சின் மேல் இதைச் செய்யவே கூடாது.

படங்களை அடுக்கி ஒளியை மாற்றிப் பார்க்கும் முறையையும் செய்து பார்த்தோம். கேமரா தாங்கியில் அசையாமல் இருக்க, ஃபிளாஷை மட்டும் வெவ்வேறு கோணத்தில் வைத்து 40 படம் எடுத்து, கணினியில் சேர்த்தால் திரையில் வெளிச்சத்தை எந்தப் பக்கம் வேண்டுமானாலும் நகர்த்தலாம். ஒளி எங்கிருந்து வந்தது என்று மென்பொருள் தெரிந்துகொள்ளச் சட்டத்துக்குள் பளபளப்பான உருண்டை ஒன்று வேண்டும். அதற்குக் கோவையில் அலைய வேண்டியதில்லை. எந்த லேத் பட்டறையிலும் பழைய பேரிங் குண்டு கிடைக்கும், கருப்பு எனாமல் பூசிக் காயவைத்தால் போதும். ஃபிளாஷிலிருந்து கல்லுக்கு உள்ள தூரம் எல்லாப் படத்திலும் ஒன்றாக இருக்க வேண்டும், கல்லின் மூலைவிட்டத்தைப் போல் மூன்று மடங்காவது. அதற்கு ஃபிளாஷில் நூல் கட்டி அளந்துகொள்கிறோம். முதல் தடவை கெட்டதற்குக் காரணம் தாங்கியின் கால் மண்ணில் அரை சென்டிமீட்டர் இறங்கியது. இப்போது மூன்று காலுக்கும் அடியில் ஓட்டுச்சில்லு வைக்கிறோம்.

செய்யக் கூடாதவை

கம்பி பிரஷ், கழிவறை ஆசிட், பிளீச்சிங் பவுடர், சோப்பு, சாக்பீஸ், மாவு, எண்ணெய். பளிங்கும் சுண்ணாம்பும் ஒரே பொருள்தான், ஆசிட் பட்டால் பொங்கிக் கரையும். ஒரு தடவை ஊற்றினால் எழுத்தின் விளிம்பு மழுங்கிவிடும். கம்பி பிரஷின் துணுக்கு கல்லில் தங்கித் துருப்பிடித்துக் கறையாகும். சாக்பீஸில் வேறொரு கேடு இருக்கிறது. எழுத்தின் மேல் வரைபவர் தாம் நினைத்ததைத்தான் வரைகிறார். 3 தேய்ந்து 8 போல இருந்தால் 8 என்று வரைந்துவிடுவார், அதன் பிறகு எடுக்கும் படம் அத்தனையும் 8 என்றே சொல்லும். வருடம் தவறாக ஏறிய கல்லறைப் பட்டியல்களைப் பார்த்தால் மனம் வலிக்கிறது. அது ஒருவருடைய இறந்த நாள்.

நாங்கள் வைத்திருப்பது: 2 அங்குலப் பன்றிமயிர் பிரஷ், மூங்கில் சீவல், 5 லிட்டர் நல்ல தண்ணீர். பாசி வேரோடு கல்லைப் பிடித்திருந்தால் விட்டுவிடுவோம், பிடுங்கினால் கல்லின் தோலும் சேர்ந்து வரும்.

செங்கல் கட்டிச் சுண்ணாம்பு பூசிய கல்லறைகளைச் சிமெண்ட் வைத்துச் 'சரி' செய்திருப்பதை நிறைய இடங்களில் பார்க்கலாம். சிமெண்டு ஈரத்தை வெளியே விடாது. உள்ளே தேங்கும் ஈரம் செங்கல் வழியாக வெளியேறும்போது உப்பு படிந்து செங்கல் மாவாக உதிரும். கடலோரத்தில் இது இன்னும் வேகம். சுண்ணாம்புக் காரை ஒன்றுதான் மருந்து, அதுவும் பொறுப்பில் உள்ளவர்களின் அனுமதியோடு.

மைப்படி எடுப்பது தமிழ்க் கல்வெட்டுக்கு நல்ல முறை: ஈரத் தாளைக் கல்லில் ஒட்டி, பிரஷால் அடித்து வெட்டுக்குள் இறக்கி, மை ஒற்றுவது. பொரியாத கருங்கல்லில் மட்டுமே செய்யலாம். பழவேற்காட்டின் டச்சுக் கல்லறைத் தோட்டமும் சதுரங்கப்பட்டினக் கோட்டையும் இந்தியத் தொல்லியல் துறையின் பாதுகாப்பில் உள்ளவை. அங்கே எழுத்து மூலமான அனுமதி இல்லாமல் கல்லைத் தொடும் எந்த வேலையும் கிடையாது. டச்சுக் கற்கள் பலவற்றில் எழுத்து புடைப்பாகச் செதுக்கியது. குழிவெட்டு எழுத்துக்குப் பழகிய கண் முதலில் தடுமாறும், நிழல் எழுத்துக்குள் விழாமல் எழுத்துக்கு வெளியே விழும்.

ஈயம் போன எழுத்து

பளிங்குப் பலகைகளில் ஈயத்தை அடித்து இறக்கிய எழுத்துகள் உண்டு. ஈயத்தைப் பெயர்த்துக்கொண்டு போயிருப்பார்கள். ஆனால் ஈயம் பிடித்து நிற்க ஒவ்வொரு எழுத்திலும் கொத்தன் சிறு துளைகள் போட்டிருப்பான். எழுத்தின் பள்ளம் தேய்ந்தாலும் துளை நிற்கும். அதே கல்லில் ஈயம் மிஞ்சியிருக்கும் எழுத்துகளின் உருவத்தை அளந்து வைத்துக்கொண்டு, துளைகளைக் கட்டத்தாளில் புள்ளியாக வைத்தால் எழுத்து திரும்ப வரும். வளைவெழுத்துக்குத் துளைகள் வளைந்து வரும், 'எச்' எழுத்துக்கு இரண்டு நேர்வரிசை. ஒரு வரிக்கு ஒரு மணி நேரம் ஆகிறது.

படித்ததைச் சோதிப்பது

ஊரின் வரலாறே முதல் சல்லடை. சேலம் 1792-லும் கோவை 1799-லும் கிழக்கிந்தியக் கம்பெனி கைக்கு வந்தன. அதற்கு முன் இங்கே படையெடுப்பு நடந்ததுண்டு, 1790, 91-ல் திப்புவோடு சத்தியமங்கலத்திலும் கோவையிலும் போர் நடந்தது. ஆனாலும் எழுத்து வெட்டிய கல் என்றால் அபூர்வம். 1769 என்று படித்தால் 1869-ஆ என்று மறுபடி வெளிச்சம் போட்டுப் பாருங்கள். தரங்கம்பாடியில் டேனியர் 1620 முதல் 1845 வரை இருந்தார்கள். பழவேற்காட்டில் டச்சுக்காரர் 17-ஆம் நூற்றாண்டுத் தொடக்கத்திலேயே வந்து, 1825-ல் முடிவாக வெளியேறினார்கள். ஆங்கிலப் படைப்பிரிவு வெறும் எண்ணால் குறிக்கப்பட்டிருந்தால் பெரும்பாலும் 1881-க்கு முந்தையது. அந்த ஆண்டுக்குப் பின் எண்ணுக்குப் பதில் பிரிட்டனின் மாவட்டப் பெயர்கள் வந்தன. 'எம்.என்.ஐ.' என்றால் மெட்ராஸ் நேட்டிவ் இன்ஃபன்ட்ரி, அதாவது சென்னை மாகாணத்து இந்தியச் சிப்பாய்களின் காலாட்படை. மாதத்தின் இடத்தில் '7பர்' என்று இருந்தால் அது ஜூலை அல்ல, செப்டம்பர். லத்தீனில் ஏழுக்கு உள்ள சொல்லிலிருந்து வந்த சுருக்கம். டச்சில் 'ஹிர் லெய்ட் பெக்ராவன்' என்றால் இங்கே அடக்கம் என்று பொருள், 'கோப்மன்' என்றால் வணிகர். மண்டையோடும் மணற்கடிகாரமும் செதுக்கியிருந்தால் கொள்ளைக்காரர் கல்லறை என்று உள்ளூரில் சொல்வார்கள். அது அக்கால ஐரோப்பியர் சாவை நினைவூட்டச் செதுக்கிய வழக்கமான சின்னம்தான். பழவேற்காட்டு வாசலில் நிற்கும் எலும்புக்கூட்டு உருவங்களும் அதே வகை.

இரண்டாம் சல்லடை ஏடுகள். சென்னை மாகாணத்துக் கல்லறை வாசகங்களை ஜூலியன் ஜேம்ஸ் காட்டன் தொகுத்து 1905-ல் அச்சான பட்டியல் இருக்கிறது. அப்போது முழுதாக இருந்த வரி இன்று பாதி போயிருக்கும். ஆனால் முதலில் கல்லைப் படித்து எழுதிவிட்டு அப்புறம்தான் பட்டியலைத் திறக்க வேண்டும். முன்பே பார்த்தால் கண் அதையே காணும். அடக்கப் பதிவுகள் பிரிட்டிஷ் நூலகத்தில், சென்னை மாகாணத்துக்கு 'என்/2' என்ற வரிசையில் உள்ளன.

படைவீரர் கல்லைத் தேடி வந்து ஏமாறுவோருக்கு ஒரு விளக்கம். இரண்டாம் உலகப்போரில் இறந்தவர்களின் கல்லறைகள், நிரந்தரமாகப் பராமரிக்க வழியில்லாத தெற்கு, கிழக்கு இந்தியத் தோட்டங்களிலிருந்து நந்தம்பாக்கத்தில் 1952-ல் அமைந்த சென்னைப் போர்க் கல்லறைத் தோட்டத்துக்கு மாற்றப்பட்டன. முதல் உலகப்போரில் இறந்தவர்களின் கதை வேறு. அவர்கள் அந்தந்த ஊரிலேயே கிடக்கிறார்கள், பெயர்கள் மட்டும் நந்தம்பாக்கத்து நினைவுச்சுவரில் உள்ளன. ஆயிரத்துக்கு மேற்பட்ட பெயர்கள். ஆகவே 1943-ல் இறந்தவரின் கல் இங்கே இல்லையென்றால் அங்கே பாருங்கள். 1917-ல் இறந்தவரின் பெயர் அங்கே இருந்தால் இங்கே புதரை விலக்குங்கள். காமன்வெல்த் போர்க் கல்லறை ஆணையத்தின் இணையத் தேடலில் 1914 ஆகஸ்ட் 4 முதல் 1921 ஆகஸ்ட் 31 வரையும், 1939 செப்டம்பர் 3 முதல் 1947 டிசம்பர் 31 வரையும் இறந்தவர்களே வருவார்கள். 1857-ல் இறந்த சிப்பாயை அங்கே தேடிப் பயனில்லை.

புலிகுத்திக்கல்

கொங்கில் போர்க்கல் என்றால் நடுகல்லை விட முடியாது. பட்டி மாட்டைக் காக்கப் புலியைக் குத்தி இறந்தவனின் கல் எத்தனையோ ஊர் எல்லையில் நிற்கிறது. இதில் மேற்சொன்ன துப்புரவு எதுவுமே செல்லாது. எண்ணெய், மஞ்சள், சுண்ணாம்பு ஏறிய கல் வழிபாட்டில் இருக்கிறது. "அது சாமிங்க, செருப்பக் கழட்டிட்டு வாங்க" என்று ஒரு பூசாரி ஐயா சொன்னதுதான் முறை. படம், அளவு, திசை, ஊர்க்காரர் சொல்லும் பெயர், இவ்வளவே எடுக்கலாம். எண்ணெய்ப் பளபளப்பால் வெளிச்சம் தெறிக்கும்; வெயிலை விட மேகமூட்டத்தில் 60, 70 படம் எடுத்து முப்பரிமாண உருவாக்கி, திரையில் நிறத்தை நீக்கினால் புலியின் வாலும் ஈட்டி நுனியும் எழுத்து இருந்தால் அதுவும் வந்துவிடுகின்றன. ஒரு படத்துக்கும் அடுத்ததற்கும் 70 சதவீதம் பொதுவாக இருக்க வேண்டும். அடி ஸ்கேலைக் கல்லில் சாய்க்காமல் பக்கத்தில் வையுங்கள்.

பாதுகாப்புக்கு இரண்டு சொல். பலகைக் கல்லின் அடியில் செங்கல் வளைவு விழுந்து குழியாக இருக்கலாம். மேலே ஏறி நிற்காதீர்கள். பார்த்தீனியம் மண்டிய இடத்தில் முழுக்கைச் சட்டை, முகக்கவசம். கல்லிடுக்கில் கை வைக்குமுன் கடந்தைக் குளவிக் கூடு இருக்கிறதா என்று பாருங்கள்.

மாசி முடிய மீதம் இருப்பது ஏற்காடு. நிலவியலாளர் ராபர்ட் புரூஸ் ஃபூட் ஓய்வுக்குப் பின் வாழ்ந்த ஊர் அது. அவருடைய மாமனார், தமிழ்ப் பழமொழிகளைத் தொகுத்த பீட்டர் பெர்சிவல், 1882-ல் அங்கேதான் இறந்தார். மலையில் மதியத்துக்குள் மேகம் ஏறிவிடுகிறது, 12 மணி வெயில் மூன்று நாளில் ஒரு நாள்தான் கிடைக்கிறது. கண்ணாடியையும் போர்வையையும் தூக்கிக்கொண்டு அடுத்த சனிக்கிழமை மறுபடி போகிறோம்.