ஆறுமணிக்குருவியின் நீலம்

2023 ஒக்டோபர் 9, திங்கள்
கண்புரை ஒப்பரேஷன் திரும்பவும் தள்ளிப்போய்விட்டது. வில்லை வரவில்லையாம். மூன்றாவது தரம்.

ஒக்டோபர் 11
விடிய ஐந்தேமுக்காலுக்கு முதிரை மரத்தடியில் சத்தம். இரண்டு சீழ்க்கை, பிறகு மௌனம். ஆறுமணிக்குருவி வந்துவிட்டது. மனைவி தேத்தண்ணி ஊற்றிக்கொண்டே, "இஞ்சருங்கோ, உங்கட ஆள் வந்திட்டார்" என்றாள். இமயமலை அடிவாரக் காடுகளில் குஞ்சு பொரிக்கிற குருவி, கடல் தாண்டி முள்ளியவளைக்கு வந்து எங்கள் வளவில் சருகு கிளறுகிறது. தோத்திரம் ஆண்டவரே.

ஒக்டோபர் 15, ஞாயிறு
பிரசங்கக் குறிப்பு தெரியவில்லை. மனதிலிருந்து சொல்லி முடித்தேன். வேதவசனத்தை மனப்பாடமாகச் சொல்லலாம். குருவியை வரைய அதன் நீலத்தை எப்படி மனப்பாடம் செய்வது?

ஒக்டோபர் 18
நித்திரை இல்லை. கீபிள் மார்ட்டின் ஐயாவை நினைத்துக்கொண்டு கிடந்தேன். 1877 இல் பிறந்தவர், இங்கிலாந்தில் குருவானவர். ஆராதனை, வீடு சந்திப்பு, கலியாணம், சாவீடு எல்லாம் போக மிஞ்சிய நேரத்தில் அறுபது வருடம் தன் நாட்டுப் பூக்களை வரைந்தார். 1486 இனங்கள். 1965 இல் புத்தகம் வெளிவந்தபோது அவருக்கு வயது 87. இரண்டு வருடம் கழித்து அவர் வரைந்த பூக்கள் நான்கு தபால் முத்திரைகளில் வந்தன.

எனக்கு 63. அப்படிப் பார்த்தால் இன்னும் 24 வருடம் இருக்கிறது.

ஆனால் றொட்லர் ஐயர்? 1776 இல் தரங்கம்பாடிக்கு வந்து, ஊழியத்தோடு ஊழியமாகச் செடி செடியாய்ச் சேர்த்து உலர்த்தியவர். தமிழ் அகராதி எழுதினார். அது முழுதும் அச்சாகுமுன் 1836 இல் போய்ச் சேர்ந்தார். சிலருக்கு அவ்வளவுதான் அளந்து வைத்திருக்கிறது.

சண்டைக் காலத்தில் பங்கருக்குள் விட்டுவந்த ஏழு படக் கொப்பிகளும் இருந்திருந்தால் இந்த அவசரம் வந்திராது.

ஒக்டோபர் 19
மழை. ஒன்றும் வரையவில்லை.

ஒக்டோபர் 24
வர்ணப்பெட்டியில் நீலக் கட்டி குழி விழுந்து அடித்தகரம் தெரிகிறது. மஞ்சள் அப்படியே கிடக்கிறது. குருவிக்குத் தோளில் ஒரு திட்டு, வாலடியில் கொஞ்சம், அவ்வளவுதானே நீலம். எங்கே போனது இவ்வளவும்?

ஒக்டோபர் 27
பக்கத்து வீட்டுத் தம்பி சப்பாத்துப் பெட்டியோடு ஓடி வந்தான். "போதகர் ஐயா, விறாந்தைச் சுவரிலை அடிபட்டு விழுந்திட்டுது." திறந்தால் ஆறுமணிக்குருவி. கையில் எடுத்தேன். ஒரு முட்டையின் கனம்தான். கட்டை வால், நீண்ட கால், கண்ணுக்குக் குறுக்கே கரிக்கோடு. நெஞ்சு என் பெருவிரலில் படபடவென்று அடித்தது. யன்னலடிக்குக் கொண்டுபோய்ச் சிறகைப் பார்த்தேன். சாம்பல். திருப்பித் திருப்பிப் பார்த்தேன், சாம்பல்தான்.

"இது என்ன நிறம், தம்பி?"

"நீலம் ஐயா. மயில் கழுத்து மாதிரி, மினுங்குது."

அவனையே கலக்கச் சொன்னேன். நான் கோடு போட்டேன், அவன் அந்தத் திட்டை வைத்தான். பெட்டியை மூடி இருட்டில் அரை மணித்தியாலம் வைத்தோம். பிறகு திறந்ததும் பற்றைக்குள் போய்விட்டது. அவன் போன பிறகும் கையில் அந்தச் சூடு இருந்தது.

இடம்பெயர்ந்தபோது எடுக்க நினைத்தது கொப்பிகளைத்தான். கையில் வந்தது அரிசிப் பை. அதில் பிழை இல்லை. ஆனாலும்.

நவம்பர் 3
ஆஸ்பத்திரியிலிருந்து கோல் வந்தது. புதன்கிழமை வரட்டாம்.

நவம்பர் 8
வலது கண் முடிந்தது.

நவம்பர் 9
கட்டு அவிழ்த்தார்கள். முதலில் தெரிந்தது தாதியின் சட்டை. வெள்ளை! இடது கண்ணால் பார்த்தால் அதே சட்டை தேயிலைச் சாயம். மாறி மாறிப் பொத்திக்கொண்டிருந்தேன். "ஐயா, கையை எடுங்கோ" என்று அந்தப் பிள்ளை இரண்டு தரம் சொல்ல வேண்டியிருந்தது.

நவம்பர் 12, ஞாயிறு
ஆராதனைக்குப் போகவில்லை, குனியக் கூடாதாம். கொப்பியை மனைவி பிரித்துப் பிடித்தாள். நான்கு வருடத்துப் படங்கள், 41. எல்லாக் குருவியும் மைக்கூட்டில் விழுந்து எழும்பினது போல. எனக்குத் தெரியவில்லை என்று மேலே மேலே பூசியிருக்கிறேன். கண்ணீர் வந்தது, துடைக்கவும் கூடாது.

கடைசிப் பக்கம் மட்டும் சரி. தம்பி வைத்த திட்டு.

நவம்பர் 14
இடது கண்ணுக்குத் திகதி சொல்லவில்லை. 40 படங்களையும் திருப்பி வரைய வேண்டும். நீலக் கட்டி வாங்க யாராவது வவுனியாவுக்குப் போனால் சொல்லிவிட வேண்டும். தம்பியைப் பள்ளிக்கூடம் போகுமுன் விடியவே வரச் சொல்லியிருக்கிறேன். அவனுக்கும் ஒரு தூரிகை.

நவம்பர் 16
ஐந்தேமுக்கால். சீழ்க்கை கேட்கிறது. கேற்றுக்கு வெளியே சைக்கிள் சத்தம், அவன்தான்