கணுக்காலில் தொடங்கும் கோடு: பிந்தாடோஸ் ஓவியம் பழகிய 3 வாரம்

போன ஜூன் கடைசியில் பிலிப்பைன்ஸின் செபுவிலிருந்து லெய்தே தீவின் ஓர்மோக்குக்குக் கப்பல், அங்கிருந்து வேன் என்று தக்ளோபான் நகரத்துக்குப் போய் பிந்தாடோஸ்-கசாத்யாஆன் விழாவைப் பார்த்தேன். உச்சி முதல் பாதம் வரை வண்ணம் தீட்டிய ஆட்டக்காரர்கள் முரசு அதிர வீதி நிறைய வந்தார்கள். நான் செபுவில் மருத்துவம் படிக்கிறேன், படம் வரைவதும் பிடிக்கும். கண்ணை எடுக்கவே முடியவில்லை. அறைக்குத் திரும்பியதும் நாமும் வரைந்து பார்க்கலாம் என்று உட்கார்ந்துவிட்டேன்.

பிந்தாடோஸ் என்றால் ஸ்பானிய மொழியில் வண்ணம் தீட்டப்பட்டவர்கள். 16-ஆம் நூற்றாண்டில் வந்த ஸ்பானியர்கள் பிலிப்பைன்ஸின் நடுத் தீவுகளில் வாழும் விசயா மக்களுக்கு வைத்த பெயர் இது. உண்மையில் அது வண்ணமே இல்லை, கரியால் பச்சை குத்தியது. தக்ளோபான் விழா 1987-இல் தொடங்கியது. அங்கே பூசுவது கழுவினால் போகிற சாயம்தான், ஆனாலும் நினைவில் வைத்திருப்பது அந்தப் பழைய உடம்புகளை.

முதல் வாரம் எல்லாமே தப்பாகப் போனது. 1590 வாக்கில் உருவான பாக்ஸர் கோடெக்ஸ் ஏட்டில் விசயா ஆண்களின் ஓவியம் இருக்கிறது. அதைப் பார்த்து நேராக என் மார்பில் ஆரம்பித்தேன், கையில் இருந்த அக்ரிலிக் பெயிண்டை வைத்து. 20 நிமிடத்தில் வறண்டு வெடித்தது. உரித்தபோது தோலும் சிவந்தது. அக்ரிலிக் உடம்புக்கு ஆகாது, யாரும் முயல வேண்டாம்.

அதைவிடப் பெரிய தப்பு ஒன்று படித்த பிறகுதான் தெரிந்தது. விசயர்கள் மார்பில் தொடங்க மாட்டார்கள். முதலில் கணுக்கால், பிறகு மெல்ல மெல்லக் கால் வழியாக இடுப்பு வரை. அதற்கு மேலே குத்திக்கொள்ளப் போரில் ஏதாவது செய்து காட்டியிருக்க வேண்டும். முகம் மகா வீரர்களுக்கு. எந்தக் கோடும் இல்லாத உடம்புக்குப் ‘புராவ்’ என்று ஒரு தனிச்சொல்லே இருந்தது. இதைப் படித்ததும் மார்பில் மிச்சம் இருந்ததையும் தேய்த்துக் கழுவிவிட்டேன்.

இரண்டாம் வாரம் கால். காலின் நீளத்துக்கு ஓடும் கோட்டுக்கு லாபிட் என்று பெயர். ஓர் அங்குல அகலம், நேராகவோ வளைந்து நெளிந்தோ போகும். என் அறைத்தோழன் லெய்தே தீவுக்காரன், அவன் காலை நீட்டினான். தண்ணீரில் கரையும் உடல் சாயம் வாங்கினோம். உட்கார வைத்து அழகாக நேர்க்கோடு இழுத்தேன். எழுந்து நின்றான், கோடு வளைந்துவிட்டது! உட்காரும்போது தளர்ந்திருக்கிற கெண்டைக்கால் சதை நிற்கும்போது இறுகித் திரள்கிறது. உடற்கூறு வகுப்பில் நூறு தடவை பார்த்த தசைதான், தூரிகை பிடித்தபோதுதான் புரிந்தது. அப்புறம் அவனை நிற்க வைத்து, நான் தரையில் படுத்துக்கொண்டு வரைந்தேன்.

மூன்றாம் வாரம் அவன் அக்கா வந்திருந்தார். விழாவில் ஆடியவர், ‘மனாங்’ (அக்கா) என்றுதான் நானும் கூப்பிடுகிறேன். ஒரு கையால் தோலை மேல்நோக்கி இழுத்துப் பிடி, கோட்டின் நடுவே தூரிகையைத் திரும்பச் சாயத்தில் தோய்க்காதே என்றார். முடிந்ததும் முகப்பவுடரை ஒற்றி எடுத்தார். பிறகு தோழனை அறைக்குள் கால் மணி நேரம் ஆட விட்டோம். முழங்காலுக்குப் பின் மடிப்பில் மட்டும் வியர்வையில் கரைந்தது, மற்ற இடத்தில் அசையவில்லை. அந்த மடிப்பில் சாயத்தை மெல்லிசாக இரண்டு பூச்சாகப் பூச வேண்டும் போலிருக்கிறது.

விழாவில் ஒரே காலையில் முழு உடம்பையும் தீட்டுகிறார்கள். அவர்கள் முன்னோராகவே வேடம் கட்டி ஆடுகிறவர்கள், அது சரிதான். நான் பழகுகிறவன், எனக்கு அந்தப் பழைய வரிசையே வேண்டும். இப்போது தோழனின் இரண்டு காலிலும் முழங்கால் வரை வந்திருக்கிறது. வரும் சனிக்கிழமை தொடை. இடுப்போடு நிறுத்திக்கொள்வேன்.