பிரைஸ்னரின் கிராக்கோவில் ஒரு நாள்

போலந்தின் கிராக்கோவ் நகருக்குப் போகிறவர்கள் முதலில் வாவெல் கோட்டையைத்தான் பார்ப்பார்கள். நான் பையை அறையில் போட்டுவிட்டு நேராகப் போனது பெரிய சதுக்கத்தின் மூலையில் இருக்கும் ஒரு நிலவறைக்கு. பிவ்னிட்சா போத் பரானாமி என்று பெயர், பியோத்ர் ஸ்க்ஷினெட்ஸ்கி 1956-இல் தொடங்கிய காபரே மேடை, அதாவது பாட்டும் நையாண்டியும் கலந்த சின்ன அரங்கு. எழுபதுகளின் கடைசியில் இங்கே பாட்டுக்கு மெட்டுப்போட வந்தவர்தான் பின்னாளில் திரைப்பட இசையமைப்பாளரான ஸ்பிக்னியெவ் பிரைஸ்னர். இசைக் கல்லூரிப் பக்கமே போகாதவர். இந்த ஊரில் அவர் படித்தது வரலாறும் தத்துவமும், இசையை இசைத்தட்டுகளைக் கேட்டுக் கேட்டு, ஸ்வரங்களை எழுதிப் பார்த்துத் தானாகவே கற்றுக்கொண்டார்.

செங்கல் வளைவுகளுக்குக் கீழே அந்தச் சின்ன மேடையைப் பார்த்தபோது எனக்கு ஒன்று பிடிபட்டது. இவ்வளவு நெருக்கத்தில் பாடினால் பாடகர் மூச்சு விடுவதுகூடக் காதில் விழும். பிரைஸ்னரின் இசையில் வரும் மௌனங்கள் இங்கேதான் பழகியிருக்க வேண்டும்.

1985-இல் வெளிவந்த 'நோ எண்ட்' படத்திலிருந்து போலந்து இயக்குநர் கீஸ்லோவ்ஸ்கியும் பிரைஸ்னரும் சேர்ந்தார்கள். அப்புறம் போலந்து தொலைக்காட்சிக்காக எடுத்த பத்துப் பகுதி 'டெகலாக்'. அதில்தான் வான் டென் புடன்மாயர் என்ற பழைய டச்சு இசையமைப்பாளரின் பெயர் வருகிறது. அப்படி ஓர் ஆளே கிடையாது, இவர்கள் இருவரும் கற்பனையில் உண்டாக்கிய மனிதர், இசையெல்லாம் பிரைஸ்னருடையது. கீஸ்லோவ்ஸ்கியின் 'ரெட்' படத்தின் கதாநாயகி இசைத்தட்டுக் கடையில் நின்று கேட்பதும் அந்த இல்லாத மனிதரைத்தான்!

மேலே ஏறி வந்தேன். கீஸ்லோவ்ஸ்கியின் 'டபுள் லைஃப் ஆஃப் வெரோனிக்' படத்தில் நாயகி வெரோனிகா தன்னைப் போலவே இருக்கும் பெண்ணைப் பேருந்தில் பார்ப்பது இதே சதுக்கத்தில்தான். மணி அடித்ததும் மரியன்னை தேவாலயக் கோபுரத்திலிருந்து டிரம்பெட் கேட்டது, அங்கே காலங்காலமாக இருக்கும் வழக்கப்படி மெட்டின் நடுவிலேயே சட்டென்று அறுந்தது. படத்தில் வெரோனிகாவும் மேடையில் பாடிக்கொண்டிருக்கும்போதே சரிந்து இறந்துபோகிறாள். எத்தனையோ முறை பார்த்த காட்சி, ஆனால் அந்த அறுந்த ஸ்வரத்தைக் காதால் கேட்ட பிறகு எனக்கு அங்கிருந்து நகரவே தோன்றவில்லை. அவருடைய 'புளூ' படத்திலும் அப்படித்தான், பேச்சுக்கு நடுவே திரை கறுத்துப்போகும், இசை மட்டும் அலைபோல வந்து மோதும். அந்தப் படத்தின் இசை படப்பிடிப்புக்கு முன்பே பதிவு செய்யப்பட்டது.

மறுநாள் வார்சா. பொவான்ஸ்கி கல்லறைத் தோட்டத்தில் கீஸ்லோவ்ஸ்கியின் கல்லறையைத் தேடிப் போனேன். 1996 மார்ச்சில் இறந்தபோது அவருக்கு 54 வயதுதான். இருவரும் சேர்ந்து ஒரு பெரிய மேடை நிகழ்ச்சி செய்வதாகப் பேசிவைத்திருந்தார்கள். பிரைஸ்னர் அதற்குப் பதிலாக நண்பனுக்கு ஓர் இரங்கல் இசையை எழுதி 1998-இல் இதே வார்சாவில் அரங்கேற்றினார்.

கல்லறை மேல் இரண்டு கைகள், விரல்களைச் சேர்த்துச் சட்டகம் பிடித்தபடி. காதில் அந்த இரங்கல் இசையில் கண்ணீரைப் பாடும் லாக்ரிமோசா பகுதியைப் போட்டுக்கொண்டு சட்டகத்துக்குள் பார்த்தேன். பின்னாலிருந்த மரமும் கொஞ்சம் வானமும் தெரிந்தது.