அன்று அந்த ஊர் யார் கையில்?

உள்நாட்டுப் போரில் சிதறிய குடும்பத்தைப் பற்றிய தடித்த நாவல்களை ஆசையாகத் தூக்குகிறவர்கள் பலர், நூற்றைம்பது பக்கம் தாண்டுவதற்குள் கீழே வைத்துவிடுகிறார்கள். கேட்டால், "பேரெல்லாம் வாயில நுழையல, யாருக்கு யார் என்ன உறவுன்னே பிடிபடல" என்பார்கள். பேர்க் குழப்பத்துக்கு ஒரு தாளில் குடும்ப மரம் வரைந்தால் போதும். ஆளைத் தடுமாற வைப்பது தேதியும் ஊரும்தான். ஒரே வயிற்றில் பிறந்த இருவர் எதிரெதிர்ப் பட்டாளத்தில் ஏன் நிற்கிறார்கள் என்பதற்கு நாவலாசிரியர் பத்துப் பக்கம் கொள்கைப் பேச்சு எழுதியிருப்பார். பெரும்பாலும் விடை அதில் கிடைக்காது. சண்டை மூண்ட அன்று அவன் எந்த ஊரில் இருந்தான், அந்த ஊர் யார் கையில் இருந்தது என்று பாருங்கள்.

ஸ்பெயினை எடுத்துக்கொள்ளுங்கள். 1936 ஜூலை 17, 18 தேதிகளில் ராணுவத்தின் ஒரு பகுதி குடியரசுக்கு எதிராகக் கிளம்பியது. சில நாட்களிலேயே நாடு இரண்டாகிவிட்டது. செவில்யா கலகக்காரர்கள் கையில். மாட்ரிட், பார்சலோனா, வாலென்சியா குடியரசின் கையில். இரண்டு தரப்பும் பிறந்த ஆண்டை வைத்து ஆள் பிடித்தன. செவில்யாக்காரன் ஒருவன் மாட்ரிட்டில் கடை வேலையில் இருந்தால் அவன் குடியரசுப் படையில். ஊரோடு இருந்த அவன் தம்பி, கலகக்காரர்களின் தலைவர் பிராங்கோவின் படையில். இருவரும் ஒரு துண்டறிக்கைகூட வாசித்திருக்க வேண்டியதில்லை.

எல்லோருக்கும் இது பொருந்தாது. அமெரிக்காவின் கெண்டக்கி மாநிலச் செனட்டர் ஜான் கிரிட்டெண்டன் 1860 டிசம்பரில் வடக்கு, தெற்கு மாநிலங்களுக்கு இடையிலான போரைத் தடுக்க ஒரு சமரசத் திட்டம் கொண்டுவந்தவர். அது தோற்றது. அவருடைய மகன் ஜார்ஜ் தெற்குப் படையில் ஜெனரல், இன்னொரு மகன் தாமஸ் வடக்குப் படையில் ஜெனரல். இவர்கள் தெரிந்தே தேர்ந்தெடுத்தவர்கள். ஆனால் தேர்ந்தெடுக்கும் வசதி அதிகாரிகளுக்கும் பெரிய வீட்டுப் பிள்ளைகளுக்கும்தான் அதிகம். நாவலில் யாராவது கொள்கைக்காகப் பக்கம் மாறினால், முதலில் அவன் வீட்டில் எவ்வளவு நிலம் இருக்கிறது என்று பார்த்துக்கொள்ளுங்கள்.

இனி நோட்டு. பெரிய நோட்டு வேண்டாம், அதைத் தூக்கிக்கொண்டு யாரும் படுத்துக்கொண்டு வாசிக்க மாட்டார்கள். மளிகைக் கடையில் கடன் கணக்கு எழுதும் 555 நோட்டு போதும், புத்தகத்துக்குள்ளேயே அடங்கும். உள் அட்டையில் குடும்ப மரம். ஒவ்வொரு பேருக்கும் கீழே பிறந்த ஆண்டு; நாவல் சொல்லாவிட்டால் "போர் தொடங்கும்போது சுமார் 19" என்று பென்சிலால். திருமணத்தால் வந்த உறவுகளைப் பக்கவாட்டில் கோடு போட்டு, அவர்கள் எந்த ஊர் என்பதையும் சேர்த்து எழுதுங்கள். வீடு பிளக்கும் இடம் பெரும்பாலும் அந்தப் பக்கவாட்டுக் கோடுதான்: மாப்பிள்ளையின் ஊர் வேறு, சம்பந்தியின் தொழில் வேறு.

பிறந்த ஆண்டு எதற்கு என்றால், ஆள் பிடிக்கும் சட்டம் வயதைத்தான் பார்க்கிறது. அமெரிக்காவில் தெற்கு 1862 ஏப்ரலில் 18 முதல் 35 வயது வரை கட்டாயமாக்கியது. வடக்கு 1863 மார்ச்சில் 20 முதல் 45 வரை. ஆனால் 300 டாலர் கட்டினால் அந்த முறைக்குத் தப்பிக்கலாம். ஸ்பெயினில் குடியரசு 1938இல் 1920, 1921இல் பிறந்த பையன்களையும் கூப்பிட்டது; 'பால்புட்டிப் பட்டாளம்' என்றே அவர்களுக்குப் பேர். மூன்று மகன்கள் உள்ள வீட்டில் நடுவிலவன் மட்டும் ஏன் போனான் என்று மண்டையைக் குடைய வேண்டாம், கழித்துப் பார்த்தால் தெரிந்துவிடும்.

உள்ளே இடது பக்கத்தில் மூன்று பத்தி: தேதி, ஊர், யார் கையில். வலது பக்கம் முழுவதும் ஒரே பத்தி: யாருக்கு என்ன தெரியும். அத்தியாயத்துக்கு இரண்டு வரிக்கு மேல் எழுதாதீர்கள், எழுதினால் மூன்றாம் நாள் விட்டுவிடுவீர்கள். நாவல் "அறுவடை முடிந்து" என்று மட்டும் சொன்னால் அப்படியே எழுதிவிட்டு, அடுத்து ஒரு சண்டையோ பண்டிகையோ வரும்போது மாதத்தைத் திருத்திக்கொள்ளலாம்.

'யார் கையில்' என்ற பத்திக்கு எவ்வளவு வேலை இருக்கிறது என்பது கொரிய நாவல்களில் தெரியும். சியோல் 1950 ஜூன் 28இல் வடக்கின் கையில் விழுந்தது. செப்டம்பர் 28இல் தெற்கும் ஐநா படையும் மீட்டன. 1951 ஜனவரி 4இல் மறுபடி போனது. மார்ச் நடுவில் மறுபடி வந்தது. ஒன்பது மாதத்துக்குள் நான்கு கைமாற்றம். முதல் மூன்று மாதத்தில் தெருக் கூட்டத்துக்குப் போய்க் கைதட்டியவனை, அந்தக் காலத்தில் 'தொண்டர் படை' என்று பிடித்துக்கொண்டு போகப்பட்டவனின் தாயை, அக்டோபரில் வேறொருவர் விசாரிப்பார். தேதியைக் கவனிக்காமல் வாசித்தால் அந்தத் தாய் பொய் சொல்கிறாள் என்று தோன்றும். நோட்டில் பார்த்தால், இரண்டு முறையும் அவள் உண்மைதான் சொல்லியிருக்கிறாள், கேட்டவர்தான் மாறிவிட்டார்.

ஆனால் எல்லாப் போரிலும் முன்னணிக் கோடு இருக்காது. இங்கேதான் மலேசியாவின் சுங்கை சிப்புட் மாதிரி ஊரில் வளர்ந்த வாசகருக்குக் கை ஓங்குகிறது. 1948 ஜூன் 16 காலையில் இந்த வட்டாரத்தில் இரண்டு தோட்டங்களில் மூன்று வெள்ளைக்காரத் துரைமார் சுடப்பட்டார்கள். அதன் தொடர்ச்சியாக, காட்டிலிருந்த கம்யூனிஸ்ட் கெரில்லாக்களை அடக்க பிரிட்டிஷ் ஆட்சி அறிவித்த அவசரகாலம் 1960 ஜூலை 31 வரை நீடித்தது. போர் என்ற பேரே வைக்காமல் பன்னிரண்டு ஆண்டு. பகலில் தோட்டத் தொழிலாளர் வேலைக்குக் கூடும் பெரட்டுக்களத்தில் கிராணி, அதாவது கணக்குப்பிள்ளை, பேர் கூப்பிடுவார், ஸ்பெஷல் கான்ஸ்டபிள் துப்பாக்கியோடு நிற்பார். இரவில் காட்டிலிருந்து வந்தவர்கள் தொழிலாளர் குடியிருப்பான லயத்தின் கதவைத் தட்டி அரிசி கேட்பார்கள். இந்த வகை நாவலுக்கு 'யார் கையில்' பத்தியை நடுவில் கோடு போட்டுப் பகல், இரவு என்று இரண்டாக்குங்கள். கிரேக்க நாட்டு 1946 முதல் 1949 வரையான போர், அமெரிக்க உள்நாட்டுப் போர்க் காலத்து மிசூரிக் கிராமங்கள், இந்திய அமைதிப்படைக் காலத்து வடஇலங்கை எல்லாவற்றுக்கும் இதே கோடு.

பகல் இரவு என்று பிரிந்த ஊரில் குடும்பத்தை உடைப்பது பட்டாள ஓலையைவிட அரிசிதான். அதனால் சாப்பாட்டுப் பகுதிகளைத் தாண்டிப் போகாதீர்கள். மலாயாவில் உணவுக் கட்டுப்பாடு இருந்த பகுதிகளில் டின் உணவைக் கடைக்காரர் ஓட்டை போட்டுத்தான் விற்க வேண்டும், பதுக்கினால் கெட்டுப்போகட்டும் என்று. விடியற்காலை வேலிக் கதவில் ரப்பர் பால் எடுக்க மரம் வெட்டப் போகிறவர்களை அரிசி இருக்கிறதா என்று தடவிப் பார்த்தார்கள். 12 வயதுக்கு மேல் எல்லோருக்கும் படமும் கைரேகையும் உள்ள அடையாள அட்டை. காட்டிலிருந்தவர்கள் பஸ்ஸை மறித்து அதே அட்டையைப் பிடுங்கிக் கிழித்தார்கள். அட்டை இருந்தால் இரவில் தொல்லை, இல்லாவிட்டால் பகலில் தொல்லை. அண்ணன் அட்டையை மறைத்து வைத்ததும் தம்பி தொலைத்ததும் ஒரு நாவலில் வந்தால், அங்கேதான் வீடு பிளந்தது என்று குறித்துக்கொள்ளுங்கள். மேடைப் பேச்சு வரும் அத்தியாயத்தில் அல்ல. மாட்ரிட்டில் போரின் கடைசிக் காலத்தில் தினமும் பருப்புதான். பிரதமர் பேரை வைத்து 'டாக்டர் நெக்ரினின் மாத்திரை' என்று சொல்லிச் சாப்பிட்டார்கள். அந்தக் கேலி ஒரு நாவலில் சரியான ஆண்டில் வந்தால், எழுதியவர் உழைத்திருக்கிறார் என்று நம்பலாம்.

வலது பக்கத்துப் பத்தி, யாருக்கு என்ன தெரியும் என்பது. பலரும் சோம்பல்பட்டு விடுவது இதைத்தான். செய்தி போய்ச் சேர எத்தனை மாதம் என்பதில்தான் இந்த நாவல்களின் உயிரே இருக்கிறது. வாசகருக்குத் தம்பி செத்தது இருபதாம் அத்தியாயத்திலேயே தெரியும். அம்மாவுக்கு முப்பத்தைந்தில்தான் தெரியும். இடையில் அவள் செய்வதெல்லாம், பெண் பார்ப்பது, துணி எடுத்து வைப்பது, நிலத்தை அவன் பேருக்கு எழுதுவது, தெரியாமல் செய்வது. அவசரகாலத்தின்போது, 1952 மார்ச்சில், மலாயாவின் தஞ்சோங் மாலிமில் 22 மணி நேர ஊரடங்கு போட்டு, அரிசிப் பங்கைக் குறைத்து, வீட்டுக்கு ஒரு தாள் கொடுத்து, தெரிந்ததைப் பேர் போடாமல் எழுதிப் பெட்டியில் போடச் சொன்னார்கள். பக்கத்து வீட்டுக்காரர் என்ன எழுதினார் என்பது அந்த வீட்டுக்கு என்றைக்கும் தெரியாது. இதுபோன்ற காட்சி வந்தால் வலது பக்கத்தில் ஒவ்வொருவருக்கும் ஒரு வரி ஒதுக்குங்கள், சந்தேகம் யார் மேல் எப்போது திரும்புகிறது என்று பின்னால் புரியும்.

ரஷ்ய நாவலுக்கு ஒரு தனி எச்சரிக்கை. போல்ஷ்விக் அரசு 1918இல் நாட்காட்டியை மாற்றியது. ஜனவரி 31க்கு மறுநாள் பிப்ரவரி 14. போல்ஷ்விக்குகளை எதிர்த்த வெள்ளைப்படையின் பகுதிகளில் பழைய கணக்கே ஓடியது. ஒரே நாளில் செம்படைத் தம்பி மார்ச் 14 என்று எழுதுவான், வெள்ளைப்படை அண்ணன் மார்ச் 1 என்று எழுதுவான். அண்ணன் கடிதத் தேதியோடு 13 நாள் கூட்டி எழுதாவிட்டால், பதில் கடிதம் கேள்விக்கு முன்னால் வந்துவிட்ட மாதிரி இருக்கும். கீவ் நகரம் அந்த ஆண்டுகளில் பத்து முறைக்கு மேல் கைமாறியது, ஆகவே பதிமூன்று நாள் சின்னப் பிழை இல்லை.

போரின் முழு வரலாற்றை முதலில் படித்துவிட்டு நாவலுக்குப் போவது நல்லது என்று சிலர் சொல்கிறார்கள். எனக்கு அதில் உடன்பாடில்லை. யார் ஜெயிப்பார்கள் என்று தெரிந்து வாசிப்பவர், தோற்கப் போகிற பக்கம் சேர்ந்தவனை முட்டாள் என்றே பார்ப்பார். ஒரு பக்க அளவில் பத்துப் பன்னிரண்டு தேதியும் ஒரு வரைபடமும் போதும். முடிவைத் தாண்டி ஒன்றிரண்டு தேதி மட்டும் பின்னட்டையில் எழுதி மூடி வைக்கலாம், ஏனென்றால் குடும்பத்தை உடைப்பதில் போருக்குப் பிந்திய சட்டத்துக்கும் பங்குண்டு. பிராங்கோவின் 1939 பிப்ரவரிச் சட்டம், 1934 அக்டோபர் முதல் நடந்தவற்றுக்கும் சேர்த்துத் தண்டித்தது. சண்டை முடிந்த பிறகும் விதவையிடம் ஏன் அபராதம் கேட்கிறார்கள், எந்த உறவினர் அந்த வீட்டைச் சுருட்டுகிறார் என்பதற்கு விடை அங்கே இருக்கிறது.

முடிவுகளை நம்புவதற்கு முன் ஒரு சோதனை. பிரிந்தவர்கள் சந்தையில் தற்செயலாக எதிரெதிரே வந்து நின்றால், எழுத்தாளர் அவசரப்பட்டுவிட்டார். தென்கொரியாவில் 1983 ஜூன் 30 முதல் நவம்பர் 14 வரை கேபிஎஸ் தொலைக்காட்சி பிரிந்த குடும்பங்களைத் தேடும் நிகழ்ச்சியை 453 மணி நேரம் 45 நிமிடம் நேரலையாகக் காட்டியது. சேர்ந்த குடும்பங்கள் 10,189. அவர்கள் அட்டையில் எழுதிப் பிடித்தது தழும்பு, வீட்டில் கூப்பிட்ட செல்லப்பேர், எத்தனையாவது பிள்ளை, கடைசியாகக் கையை விட்ட இடம். நல்ல நாவலில் இந்த அடையாளங்களில் ஒன்றாவது முதல் ஐம்பது பக்கத்திலேயே போகிற போக்கில் வந்திருக்கும். வராவிட்டால், கடைசியில் ஒட்டவைத்தது. சேராத குடும்பங்களுக்கும் காகிதம் உண்டு: இலங்கையில் 2016 சட்டத் திருத்தத்துக்குப் பிறகு காணாமல் போனவருக்கு மரணச் சான்றிதழ் வாங்காமலே இன்மைச் சான்றிதழ் வாங்கலாம். ஒரு தாய் அதை வாங்குவதா வேண்டாமா என்பதே ஒரு நாவலுக்குப் போதும்.

எதில் தொடங்குவது? ஸ்பெயினில் தொடங்குங்கள். இந்தப் பக்கத்துத் தமிழருக்கு அங்கே சொந்தக் கட்சி கிடையாது, அதனால் பத்திகளை நேர்மையாக நிரப்பக் கை பழகும். பிறகு கொரியா, அதன் பிறகு ரஷ்யா. மலாயா அவசரகாலத்தை நான்காவதாக வையுங்கள். இலங்கை கடைசி. அங்கே யாழ் நகருக்கு மட்டும் எழுத வேண்டியது: 1987 அக்டோபரிலிருந்து இந்திய அமைதிப்படை, 1990 மார்ச்சுக்குப் பின் புலிகள், 1995 அக்டோபர் 30இல் பெரும் இடம்பெயர்வு, டிசம்பரில் இலங்கை ராணுவம். அதற்கு முன் 1986இல் தமிழ் ஆயுத இயக்கங்கள் ஒன்றையொன்று சுட்டதையும் விடக்கூடாது. டெலோ இயக்கத்தில் ஒரு மகன், புலிகளில் ஒரு மகன் என்றிருந்த வீட்டுக்கு ராணுவம் வருமுன்பே போர் வந்துவிட்டது. முதலிலேயே இதை எடுத்தால், நம் ஊர்க்காரர்கள் 'யார் கையில்' பத்தியை நிரப்பும் முன்பே யார் பக்கம் நியாயம் என்று எழுதிவிடுவார்கள், 1986 வரி காலியாகவே கிடக்கும்.