திவித் தீவும் அத்தையும்: டார்வின் நாட்குறிப்பு

ஜூலை 17, 2024, புதன்

நாளைக் காலை பாதர்ஸ்ட் தீவுக்குக் கிளம்புகிறோம். ஆஸ்திரேலியாவின் வடகோடியில் நாங்கள் வசிக்கும் டார்வின் நகரில் இருந்து வடக்கே சுமார் 80 கிலோமீட்டர். பாதர்ஸ்ட், மெல்வில் என்ற இரண்டு பெரிய தீவுகளும் சில குட்டித் தீவுகளும் சேர்ந்தவைதான் திவித் தீவுகள். டார்வின்காரர்களிலேயே பெரும்பாலோர் அங்கே போனதில்லை. பாலித் தீவுக்கு மட்டும் வருடா வருடம் போய்விட்டு வருவார்கள்.

நினைத்தவுடன் படகேறிப் போய்விட முடியாது. நிலம் அந்தத் தீவுகளின் பழங்குடியினரான திவி மக்களுடையது. 1976-இல் வந்த நில உரிமைச் சட்டத்தின்கீழ் 1978-இல் அவர்களுக்கென்று தனி நில மன்றம் அமைந்தது. வெளியாட்கள் கால் வைக்க அனுமதிச் சீட்டு வேண்டும். ஒருநாள் சுற்றுலாவில் சேர்ந்தால் அதுவும் கட்டணத்துக்குள் அடங்கிவிடுகிறது. மது கொண்டுவரக் கூடாது, கடலில் இறங்கக் கூடாது, கேட்காமல் யாரையும் படம் எடுக்கக் கூடாது என்று குறிப்பு வந்திருக்கிறது. கடல் விஷயத்தை யாரும் எனக்குச் சொல்ல வேண்டியதில்லை. முதலையும் பெட்டி ஜெல்லிமீனும் இருக்கிற தண்ணீர் அது.

என்னுடன் வருவது மாமியார். மனைவிக்கு இந்த வாரம் முழுக்க இரவுப் பணி. அத்தை புளியோதரை கட்டி, இஞ்சி மரப்பாவும் எடுத்து வைத்துவிட்டார். "கடல்ல குமட்டினா என்ன பண்றது மாப்பிள்ளை, டப்பாவை உங்க பையிலயே போட்டுக்கோங்க" என்று என்னிடம் கொடுத்தார்.

ஜூலை 18, வியாழன்

இரவு பத்தே முக்கால். கால் கெஞ்சுகிறது, ஆனாலும் இன்றே எழுதிவிட வேண்டும்.

டார்வினின் கல்லன் பே படகுத்துறையில் இருந்து காலையில் படகு. இரண்டரை மணி நேரம். முதல் அரை மணி எல்லோரும் படம் எடுத்துக்கொண்டிருந்தார்கள். அப்புறம் துறைமுகத்தைத் தாண்டி வெளிக்கடல் வந்ததும் படகு தூக்கிப்போட ஆரம்பித்தது, படம் எடுத்தவர்கள் எல்லாம் பையைத் தேடினார்கள். மரப்பா எங்கள் வரிசை முழுக்கச் சுற்றி வந்தது. அடிலெய்டில் இருந்து வந்திருந்த ஒரு பெரியவர் இரண்டாவது துண்டும் கேட்டு வாங்கினார்.

இரு தீவுகளுக்கும் நடுவே ஆப்ஸ்லி நீரிணை. அதற்குள் நுழைந்ததும் கடல் அடங்கிவிட்டது. அதன் கரையில்தான் வுருமியங்கா, தீவுகளிலேயே பெரிய ஊர். மாமரங்கள், செம்மண், நாய்கள், ஒரு பெரிய கால்பந்து மைதானம்.

எங்களை அழைத்துப்போனவர் ஐம்பது வயதிருக்கும் திவிப் பெண்மணி. முதலில் தேநீரும் டாம்பர் ரொட்டியும். பிறகு பச்சை இலைகளைத் தீயில் போட்டு, அந்தப் புகையை ஒவ்வொருவர் மேலும் படவைத்தார்கள். புதிதாக வருபவர்களோடு ஒட்டிக்கொண்டு வரும் கெட்டது விலகும் என்பதற்கான சடங்கு அது. அத்தை யாரும் சொல்லாமலேயே இரண்டு கையாலும் புகையை வாரித் தலையில் ஒற்றிக்கொண்டார். அந்த அம்மாள் அதைக் கவனித்துச் சிரித்தார். அதிலிருந்து மத்தியானம்வரை இருவரும் பக்கத்தில் பக்கத்தில்தான்.

ஆட்டம் அடுத்து. இவர்கள் அதை யோய் என்கிறார்கள். முகத்தில் வெள்ளையும் மஞ்சளுமாகக் காவி பூசி, கைதட்டும் பாட்டும்தான் தாளம். எருமை ஒருவர், முதலை ஒருவர், சுறா ஒருவர். யார் எதை ஆடலாம் என்பது விருப்பத்தைப் பொறுத்ததல்ல, ஆட்டம் அப்பா வழியில் வருகிறது. குலம் அம்மா வழியில் வருகிறது. ஒரே குலத்துக்குள் கல்யாணம் கூடாது. எருமை ஆடியவர் தரையை ஓங்கி உதைத்தபோது புழுதி எங்கள் தேநீர்க் குவளைவரை வந்தது. இது வெறும் காட்சிக்காக ஆடியதா என்று பக்கத்தில் ஒருவர் முணுமுணுத்தார். காசு வாங்கிக்கொண்டு ஆடினால் அது பொய்யாகிவிடுமா என்ன? நம் ஊர் நாதஸ்வரக்காரரை யாராவது இப்படிக் கேட்பார்களா?

இந்த இடத்தில் ஒரு விஷயம் நடந்தது. இவர் உங்கள் அம்மாவா என்று அந்த அம்மாள் என்னைக் கேட்டார். மாமியார் என்றேன். அவர் ஆட்டக்காரர்களைப் பார்த்து திவியில் ஏதோ சொல்ல, எல்லோரும் சிரித்தார்கள். பழைய வழக்கத்தை அப்புறம் விளக்கினார். ஒரு பெண் பருவமடைந்ததும் அவளுக்கு முதலில் பார்ப்பது மருமகனைத்தான். அவளுக்கு இனிமேல் பிறக்கப்போகும் பெண்கள் அவனுக்கு என்று முடிவாகும். அன்றிலிருந்து அவன் மாமியாருக்கு உழைக்க வேண்டும். வேட்டையாடியது, மீன் பிடித்தது, அவள் கேட்டது எதுவானாலும் கொண்டுவந்து கொடுக்க வேண்டும். மனைவி பிறப்பதற்கு முன்பே மாமியார் கடன் தொடங்கிவிடுகிறது. நான் மொழிபெயர்த்துச் சொன்னதைக் கேட்டுவிட்டு அத்தை, "நல்ல ஊரா இருக்கே" என்றார்.

அருங்காட்சியகத்தில் அதே கதையின் மறுபக்கம் இருந்தது. 1911-இல் கத்தோலிக்கப் பாதிரியார் ஃபிரான்சிஸ் சேவியர் க்செல் இங்கே மடத்தை நிறுவினார். வருடக்கணக்காகப் பெரியவர்கள் யாரும் மதம் மாறவில்லை. 1921-இல் கிழவன் ஒருவனுக்கு நிச்சயிக்கப்பட்ட சிறுமி அவரிடம் ஓடிவந்து அடைக்கலம் கேட்டாள். உறவினர்கள் திரண்டு வந்தார்கள். அவர் சண்டை போடாமல் விலை பேசினார். போர்வை, மாவு, கோடாரி, கத்தி, கண்ணாடி, புகையிலை என்று பொருளைப் பரப்பி, அந்தப் பெண்ணின் மேலிருந்த உரிமையை வாங்கிக்கொண்டார். 1938-இல் டார்வின் ஆயராகத் தீவை விட்டுப் போவதற்குள் இப்படிச் சுமார் 150 பெண்கள். பெயருக்கு எல்லோரும் அவருடைய மனைவிகள். வளர்த்தது கன்னியாஸ்திரீகள். வளர்ந்த பின் தனக்குப் பிடித்தவனைக் கட்டிக்கொள்ளலாம்.

இதை நல்லது என்பதா, கெட்டது என்பதா? ஓடிவந்த சிறுமியின் பக்கம் நின்று பார்த்தால் அது விடுதலை. ஆனால் பிள்ளைகளைப் பெற்றோரிடம் இருந்து எடுத்து விடுதியில் வைத்து வளர்த்ததும் அதே மடம்தான். வழிகாட்டி அம்மாள் இரண்டையும் ஒரே குரலில் சொன்னார். எங்களில் ஒருவர் உங்களுக்குக் கோபம் இல்லையா என்று தூண்டிவிடப் பார்த்தார். "என் பாட்டி அந்த விடுதியில் வளர்ந்தவர்" என்று மட்டும் சொல்லிவிட்டு அடுத்த அறைக்கு நடந்துவிட்டார்.

இந்த அருங்காட்சியகத்தைப் பல்லாண்டுகள் பேணியவர் சிஸ்டர் ஆன் கார்டினர். 1953-இல் இளம் கன்னியாஸ்திரீயாக வந்து இங்கேயே தங்கிவிட்டவர். 2017-இல் நாட்டின் சிறந்த மூத்த குடிமகன் விருது அவருக்குத்தான் கிடைத்தது. மரத்தால் கட்டிய பழைய தேவாலயமும் பக்கத்திலேயே இருக்கிறது. பீடத்தைச் சுற்றி திவிக் கோலங்கள் வரைந்திருக்கிறார்கள். புள்ளியும் கோடுமாக, யேசுவுக்கும் அதே காவி.

அடுத்து புருக்கப்பாலி கதை. மரணம் என்ற ஒன்று உலகத்துக்கு எப்படி வந்தது என்பது அதில் இருக்கிறது. புருக்கப்பாலியின் மனைவி பீமா, தன் குழந்தை ஜினானியை மர நிழலில் படுக்கவைத்துவிட்டு, கணவனின் தம்பி தப்பாராவோடு காட்டுக்குள் போனாள். நிழல் நகர்ந்துவிட்டது. வெயிலில் குழந்தை செத்துப்போனது. மூன்றே நாளில் உயிரோடு கொண்டுவருகிறேன், பிள்ளையைக் கொடு என்று தம்பி கெஞ்சினான். அண்ணன் கேட்கவில்லை. இருவரும் அடித்துக்கொண்டார்கள். பிறகு புருக்கப்பாலி பிள்ளையின் உடலைத் தூக்கிக்கொண்டு, கரையைப் பார்த்தபடியே பின்னோக்கி நடந்து கடலுக்குள் இறங்கினான். என் மகன் செத்ததுபோல் இனி எல்லோரும் சாக வேண்டும் என்று சொல்லிக்கொண்டே இறங்கினான். தப்பாரா சந்திரனானான். மூன்று நாள் செத்து, பிறகு திரும்பி வருகிறான். பீமா கர்லூ பறவையாகி இன்னும் இரவெல்லாம் கத்துகிறாள்.

புருக்கப்பாலி சாவதற்கு முன் நடத்திய சடங்குதான் புக்குமானி. ஒருவர் இறந்து புதைத்துப் பல மாதங்கள் கழித்துத்தான் அது நடக்கும். இரும்புமரத்தில் தூண்கள் செதுக்கி, வண்ணம் தீட்டி, கல்லறையைச் சுற்றி நடுவார்கள். செதுக்குவது சம்பந்தி வழி உறவினர். துக்க வீட்டார் தூணைத் தொட்டு வேலை செய்யக் கூடாது, செய்தவர்களுக்குக் கூலி கொடுக்க வேண்டும். ஆவி அடையாளம் கண்டுகொள்ளாதபடி உடம்பெல்லாம் காவி பூசிக்கொள்வார்கள். நட்ட தூணை அப்புறம் யாரும் பராமரிப்பதில்லை. கறையானும் மழையும் தின்னட்டும் என்று விட்டுவிடுகிறார்கள்.

கல்லறைப் பக்கம் போகலாமா என்று அடிலெய்டுப் பெரியவர் கேட்டார். இன்றைக்கு ஒரு குடும்பம் துக்கத்தில் இருக்கிறது, அந்தப் பாதை இன்று நமக்கில்லை என்று பதில் வந்தது. யார் என்று சொல்லவில்லை. சமீபத்தில் இறந்தவரின் பெயரை வாய்விட்டுச் சொல்லும் வழக்கமும் இல்லை. சிலருக்கு முகம் வாடியது. எனக்கு அதுதான் பிடித்தது. காசு கொடுத்து வந்தவனுக்கு எதைக் காட்டுவது, எதை மூடிவைப்பது என்று இவர்களே முடிவு செய்கிறார்கள்.

மத்தியானம் துணி அச்சடிப்பு. திவி டிசைன் கூடத்தில் 1960களின் கடைசியில் மரக்கட்டை அச்சாக ஆரம்பித்தது, இப்போது பட்டுத்திரை அச்சு. வர்ணத்துக்கு வெள்ளைக் காவி, மஞ்சள் காவி. மஞ்சளைச் சுட்டால் சிவப்பு. கருப்புக்குக் கரி. புள்ளி வைக்க மரச் சீப்பு ஒன்று வைத்திருக்கிறார்கள், ஒரு அழுத்தில் ஒரு வரிசை புள்ளி விழுகிறது. அத்தை அந்தச் சீப்பைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். எங்களுக்குக் கொடுத்தது திரையும் ரப்பர் இழுப்பானும்தான். நான் ஆமை. அத்தை, மூன்று பறவைகள். அவருடையது என்னுடையதைவிடச் சுத்தமாக வந்தது.

திரும்பும்போது கடல் அமைதி. இதே திசையில்தான் 1942 பிப்ரவரி 19 அன்று ஜப்பானிய விமானங்கள் டார்வினை நோக்கிப் போயின, மொத்தம் 188. பாதர்ஸ்ட் மடத்தில் இருந்த ஜான் மெக்ராத் பாதிரியார் தலைக்கு மேலே அவற்றைப் பார்த்துவிட்டு, 9.35 மணிக்கு ரேடியோவில் எச்சரித்தார். திரும்பி வரும் அமெரிக்க விமானங்களாக இருக்கும் என்று டார்வினில் அசட்டையாக இருந்துவிட்டார்கள். 9.58-க்குக் குண்டு விழுந்தது. அடிபட்டு மெல்வில் தீவில் இறங்கிய ஹஜிமே டொயோஷிமா என்ற விமானியைப் பிடித்தவர் மத்தாயஸ் உலுங்குரா என்ற திவி இளைஞர். ஆஸ்திரேலிய மண்ணில் பிடிபட்ட முதல் ஜப்பானியப் போர்க்கைதி அவன்தான்.

ஜூலை 19, வெள்ளி

துணியைப் பின்பக்கமாக இஸ்திரி போட்டால்தான் வர்ணம் நிலைக்கும் என்று சொல்லியிருந்தார்கள். போட்டாயிற்று.

அத்தை ஊருக்குத் தொலைபேசியில் பேசியது சமையலறைவரை கேட்டது. படகு, குமட்டல், எருமை ஆட்டம் எல்லாம் இரண்டே நிமிடத்தில் முடிந்துவிட்டது. மாமியாருக்கு மருமகன் மீன் பிடித்துக் கொடுக்கும் பகுதி மட்டும் வெகுநேரம் ஓடியது. சாயங்காலம் பாரமுண்டி மீன் தலை வாங்கி வந்தேன். வேறு வழி?

புக்குமானித் தூண்கள் பதினேழு சிட்னியில் நியூ சவுத் வேல்ஸ் கலைக்கூடத்தில் இருக்கின்றன. 1958-இல் மெல்வில் தீவுக் கலைஞர்களிடம் அந்த இடத்துக்கென்றே கேட்டுச் செய்வித்தவை. பழங்குடி மக்களின் படைப்பை அருங்காட்சியகப் பொருளாக மட்டும் பார்த்த காலத்தில் அதைக் கலை என்று கூடத்தில் நிறுத்தியது பெரிய விஷயம். ஆனால் மழையில் மக்க வேண்டிய மரம் குளிர்சாதனக் கூடத்தில் நிற்பதைத் தீவுக்காரர்கள் எப்படிப் பார்ப்பார்கள் என்று நேற்றே கேட்டிருக்கலாம்.

ஜூலை 21, ஞாயிறு

பௌர்ணமி. அத்தை விரதம் என்றதால் மிண்டில் கடற்கரைச் சந்தையில் பழம் மட்டும். மேற்கே சூரியன் கடலில் இறங்கிக்கொண்டிருந்தபோதே கிழக்கே நிலா ஏறிவிட்டது. நிலாவில் தெரியும் கறைகள் தப்பாரா அண்ணனிடம் வாங்கிய அடிகள். நமக்கு அது முயல், பாட்டி வடை. அத்தையிடம் சொன்னேன். "கொழுந்தன் பண்ணின வேலைக்கு அந்த அடி போதாது" என்றார்.

நடு இரவில் தோட்டத்துப் பக்கம் கர்லூ கத்தியது. டார்வினில் இதைக் கேட்காத வீடு கிடையாது. புதிதாக வந்தவர்கள் யாரோ பெண் அலறுகிறாள் என்று போலீஸைக் கூப்பிடப் போவார்கள். அத்தை எழுந்து வந்து ஜன்னலைச் சாத்திவிட்டு, "பிள்ளையைப் பார்த்துக்கிட்டிருக்கணும்" என்று முனகிக்கொண்டே போனார்.

ஜூலை 24, புதன்

அலுவலகத்தில் ஒருவர் எரிவாயு விஷயம் பற்றி ஏதாவது சொன்னார்களா என்று கேட்டார். திவிக் கடலில் பரோசா எரிவாயுக் கிணறு தோண்ட, தங்களைக் கலந்து பேசாமல் அனுமதி கொடுத்தது செல்லாது என்று ஒரு திவிப் பெரியவர் வழக்குப் போட்டு 2022-இல் வென்றார். குழாய் பதிப்பது பற்றிய இன்னொரு வழக்கில் இந்த ஜனவரியில் தீர்ப்பு எதிராகப் போனது. தீவிலேயே இரண்டு தரப்பு உண்டு. சுற்றுலாவில் அதைப் பற்றி யாரும் வாய் திறக்கவில்லை.

அவர்கள் தாமாக முன்வந்து பேசியது கால்பந்துதான். மதம் பரப்ப வந்தவர்கள் கொண்டுவந்த ஆட்டத்தை இவர்கள் தங்களுடையதாக ஆக்கிக்கொண்டுவிட்டார்கள். ஆஸ்திரேலியக் கால்பந்து இறுதிப்போட்டியில் சிறந்த ஆட்டக்காரருக்கான நார்ம் ஸ்மித் பதக்கத்தை 1982-இல் மோரிஸ் ரியோலி, 1993-இல் மைக்கேல் லாங், 2015-இல் சிரில் ரியோலி வாங்கினார்கள். மூவருக்கும் வேர் இந்தத் தீவுகள்தான். மோரிஸுக்குக் கிடைத்தது தோற்ற அணியில் ஆடி. மொத்த மக்கள்தொகை மூவாயிரத்தைத் தாண்டாத இடம் இது.

தீவுகளுக்குள் நடக்கும் போட்டியின் இறுதி ஆட்டம் மார்ச்சில். மழைக்காலம், கடல் மோசமாக இருக்கும். அன்றைக்கே ஓவியச் சந்தையும் உண்டு. அத்தை செப்டம்பரில் ஊருக்குப் போய்விடுவார். எந்த அணிக்குக் கைதட்டுவது என்று இப்போதே கேட்டு வைத்திருக்கிறேன். இமாலு டைகர்ஸ், முலுவுரி மேக்பைஸ், துயு பஃபலோஸ் என்று பட்டியல் சொன்னேன். அத்தை யோசிக்கவே இல்லை: "எருமைதான், நல்லா ஆடினான்."